ஃப்ரைட் கார்ன்: அமெரிக்கத் தெற்கு மாநிலங்களின் வீட்டுச் சமையல், முதன்முறை செய்பவர்களுக்கு

பெயரைக் கேட்டு ஏமாந்தவர்களில் நானும் ஒருத்தி. ஜார்ஜியாவுக்குக் குடிவந்த முதல் கோடையில், பக்கத்து வீட்டில் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். ‘ஃப்ரைட் கார்ன் இருக்கிறது’ என்றதும், எண்ணெயில் மொறுமொறுவென்று பொரித்த மக்காச்சோளம் வரப்போகிறது என்று நினைத்துக்கொண்டேன். வந்தது வேறு. கரண்டியில் எடுத்தால் மெல்ல வழிகிற, பாயசத்துக்கும் கூட்டுக்கும் இடைப்பட்ட பதத்தில் ஒரு பதார்த்தம். வெளிர் நிறம், மேலே வெண்ணெய்ப் பளபளப்பு, புள்ளி புள்ளியாக மிளகு. ஒரு வாய் சாப்பிட்டதும் பெயரைப் பற்றிய கவலை போய்விட்டது.

அந்தப் பக்கத்துப் பேச்சில் ‘ஃப்ரை’ என்றால் எண்ணெயில் முக்கிப் பொரிப்பது மட்டும் இல்லை. வாணலியில் கொஞ்சம் கொழுப்பு விட்டு அதில் வதக்கிச் சமைத்தாலே ஃப்ரைதான். ஆப்பிளையும் முட்டைக்கோஸையும்கூட இப்படித்தான் ‘ஃப்ரை’ செய்கிறார்கள். இந்தச் சோளம் வதக்கலாகத் தொடங்கிக் கூட்டாக முடிகிறது. பால், க்ரீம், மாவு எதுவும் சேர்க்காமலே கெட்டிப்படும். கெட்டியாக்குவது சோளமணிக்குள் இருக்கும் பால்தான். அதனால் என்னைக் கேட்டால், இந்தச் சமையலில் பாதி வேலை கத்தியிடம், கால் வேலை கதிரைப் பார்த்து வாங்குவதில், மீதிக் கால்தான் அடுப்பில். புதிதாகச் செய்கிறவர்கள் எல்லாக் கவனத்தையும் அடுப்பில் வைத்துவிட்டு, மற்ற இரண்டையும் கோட்டைவிடுகிறார்கள். நானும் அப்படித்தான் விட்டேன்.

ஜார்ஜியா, அலபாமா, டென்னசி, மிசிசிப்பி, கரோலினாக்கள் என்று அந்த வட்டாரம் முழுக்க இது கோடைக்காலப் பதார்த்தம். அங்கே சோளத்தின் வேர் மிக ஆழம். 1540இல் ஸ்பானியத் தளபதி எர்னாண்டோ டி சோட்டோவின் படை இன்றைய ஜார்ஜியா வழியாகப் போனபோது, அங்கிருந்த பூர்வகுடி ஊர்களின் சோளக் களஞ்சியங்களை நம்பித்தான் வயிற்றைக் கழுவியது. அந்தப் பூர்வகுடிகளில் மஸ்கோகி மக்களுக்குப் புதுச்சோளம் பால் பிடிக்கும் பருவத்தில் ஒரு பெரிய சடங்கு உண்டு. அது முடியும்வரை புதுக்கதிரைத் தொட மாட்டார்கள். 1830களில் அவர்களை அந்த மண்ணிலிருந்து வலுக்கட்டாயமாக ஓக்லஹோமாவுக்கு விரட்டினார்கள். சடங்கு அங்கே இன்றும் தொடர்கிறது. சோளத்தை இளசாக, பால் பருவத்தில் தின்னும் ருசி அவர்களிடமிருந்து வந்தது என்பதை மறந்துவிட்டு இந்தச் சமையலைப் பற்றிப் பேச முடியாது.

சரி, சமையலுக்கு வருவோம்.

எந்தச் சோளம்?

முதல்முறை நான் செய்தது படுதோல்வி. சூப்பர்மார்க்கெட்டில் மட்டை உரித்து, பிளாஸ்டிக் தாளில் சுற்றி அடுக்கியிருந்த மஞ்சள் கதிர்களை வாங்கி வந்தேன். அழகான கதிர்கள், பச்சையாகக் கடித்தாலே சர்க்கரை. வெட்டி வாணலியில் போட்டால், மணிகள் முத்து முத்தாகத் தண்ணீரில் மிதந்தன. அரை மணி நேரம் கிண்டியும் ஒன்றோடொன்று சேரவே இல்லை. பக்கத்து வீட்டுப் பாட்டியிடம் கிண்ணத்தோடு போய் நின்றேன். ஒரு கரண்டி எடுத்துச் சாய்த்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “தின்பதற்கு நல்ல சோளம்தான் கண்ணு. ஆனால் இதில் பால் இல்லையே.”

காரணம் சோளத்தின் ரகத்தில் இருக்கிறது. பழைய வகை இனிப்புச் சோளத்தில் சர்க்கரையோடு கூடவே, தண்ணீரில் கரைந்து பால்போல் ஆகும் ஒருவகை மாவுப்பொருளும் நிறைய இருக்கும். வாயில் வழுவழுவென்று படுவது அதனால்தான். இன்று கடைகளில் பெரும்பாலும் கிடைப்பது ‘சூப்பர் ஸ்வீட்’ வகை. இலினாய் பல்கலைக்கழகத்தில் ஜான் லாஃப்னன் 1950களில் கண்டெடுத்து வளர்த்த குணம் இது. இதில் சர்க்கரை மிக அதிகம். பறித்த பிறகும் பல நாள் இனிப்புக் குறையாது. அதனால்தான் தொலைதூர லாரிக்கும் கடை அலமாரிக்கும் இது தோதானது. ஆனால் அந்த வழுவழுப்பான பொருளும் மாவுச்சத்தும் இதில் மிகக் குறைவு. இதன் விதையைக் காயவைத்தால், உள்ளே நிரப்ப மாவு இல்லாததால் சுருங்கிப் போய்விடும். உள்ளே மாவு இல்லாத மணி வாணலியில் மட்டும் எப்படிக் கெட்டிப்படும்?

ஆக, தேட வேண்டியது பழைய ரகம். ‘சில்வர் குவீன்’ என்ற வெள்ளைச் சோளத்தின் பெயரைச் சொன்னால் தெற்கத்திக்காரர்கள் முகம் மலரும். விதைத்து ஏறக்குறைய 3 மாதம் கழித்துக் கைக்கு வரும் ரகம். இன்னும் பழைய தலைமுறையைக் கேட்டால், இனிப்புச் சோளமே தேவையில்லை, ‘ஹிக்கரி கிங்’ போன்ற தீவன, மாவுச் சோளத்தைப் பால் பருவத்தில் பறித்துவந்து செய்தால்தான் சரியான ஃப்ரைட் கார்ன் என்பார்கள். வயலில் முற்ற விட்டால் மாவுக்கு, கொஞ்சம் முன்னால் பறித்தால் சாப்பாட்டுக்கு என்று ஒரே பயிர் இரண்டுக்கும் உதவிய காலம் அது. இனிப்புக் குறைவாக, தானிய வாசனை தூக்கலாக இருக்கும். எனக்கு இனிப்பு ரகமும் மாவு ரகமும் பாதிக்குப் பாதி கலந்தால் பிடிக்கும். கிடைக்காவிட்டால் சில்வர் குவீன் போதும்.

நிறத்தைப் பார்த்து ஏமாறாதீர்கள். வெள்ளை என்றால் இனிப்பு, மஞ்சள் என்றால் மட்டம் என்று ஒரு நம்பிக்கை உண்டு. நிறத்துக்கும் இனிப்புக்கும் சம்பந்தம் இல்லை. மஞ்சளில் கரோட்டின் வகை நிறமிகள் இருக்கின்றன, அவ்வளவுதான். மஞ்சளிலும் பழைய ரகம் உண்டு, வெள்ளையிலும் சூப்பர் ஸ்வீட் உண்டு. சாலையோரப் பண்ணைக் கடையிலோ உழவர் சந்தையிலோ விற்பவரிடமே ரகத்தின் பெயரைக் கேளுங்கள். அதோடு ‘எப்போது பறித்தது?’ என்றும் கேளுங்கள். பழைய ரகத்துக்கு இருக்கும் ஒரே கெட்ட குணம், பறித்த நொடியிலிருந்து சர்க்கரை மாவாக மாறத் தொடங்கிவிடும். 30 டிகிரி செல்சியஸ் வெயிலில் கிடந்தால் ஒரே நாளில் பாதிச் சர்க்கரை போய்விடும். காலையில் பறித்ததை வாங்கி, அன்றைக்கே செய்வது உத்தமம். முடியாவிட்டால் மட்டையை உரிக்காமல் ஃப்ரிட்ஜில் வையுங்கள்.

பதத்தைப் பார்ப்பது சுலபம். மட்டை பச்சையாக, கதிரை இறுகப் பிடித்தபடி இருக்க வேண்டும். நுனியில் தொங்கும் பட்டுநூல் பழுப்பேறி உலர்ந்திருக்க வேண்டும். கதிரைக் கையால் அழுத்தினால் நுனிவரை மணி தட்டுப்பட வேண்டும். வீட்டுக்கு வந்து ஒரு மணியை நகத்தால் கீறுங்கள். தெளிந்த நீர் வந்தால் பிஞ்சு. பால் வந்தால் சரியான பருவம். மாவுபோலப் பிசுபிசுத்தால் முற்றிவிட்டது. இந்த நகச் சோதனையைக் கடையில் நின்று செய்யாதீர்கள். மட்டையை உரித்துப் பார்த்துவிட்டுத் திருப்பி வைத்தால், அடுத்தவருக்கு அந்தக் கதிர் காய்ந்துபோகும். விற்பவரின் பார்வையும் அவ்வளவு இனிமையாக இருக்காது.

என்னென்ன வேண்டும்?

நாலைந்து பேருக்கு 8 கதிர் எடுத்துக்கொள்ளுங்கள். மட்டையோடு பார்க்க மலைபோல் இருக்கும், வெட்டி முடித்தால் 4 முதல் 5 கப்தான் தேறும். பேக்கன் என்கிற உப்பிட்டுப் புகையூட்டிய பன்றி இறைச்சி 4 துண்டு. வெண்ணெய் 2 மேசைக்கரண்டி. உப்பு 1 தேக்கரண்டி. கரகரப்பாகப் பொடித்த மிளகு அரைத் தேக்கரண்டியோ அதற்கு மேலோ. தண்ணீர் முக்கால் கப். சர்க்கரை இருந்தால் ஒரு சிட்டிகை, அதைப் பற்றிப் பிறகு. அவ்வளவுதான். வெங்காயம், குடைமிளகாய், தக்காளி எல்லாம் சேர்த்தால் அது லூசியானா பக்கத்து ‘மாக் ஷூ’. அதுவும் நல்ல பதார்த்தம், ஆனால் வேறு பதார்த்தம்.

பன்றி இறைச்சி சாப்பிடாதவர்கள் தயங்க வேண்டாம். வெண்ணெயில் மட்டும் செய்கிற தெற்கத்தி வீடுகளும் ஏராளம். அந்த 4 துண்டுக்குப் பதில் இன்னும் 2 மேசைக்கரண்டி வெண்ணெய் போட்டால் போதும். புகைவாசனை இருக்காது, சோளத்தின் வாசனை இன்னும் தெளிவாக வரும். இங்கேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அந்தப் பக்கத்து உணவகங்களில் ஒரு இறைச்சி, மூன்று காய் என்று தட்டு வாங்கும் வழக்கம் உண்டு. காய்கள் மட்டும் போதும் என்று ‘வெஜிடபிள் பிளேட்’டும் தருவார்கள். சைவம்தானே என்று நம்பிவிடாதீர்கள். பீன்ஸிலும் கீரையிலும் இந்தச் சோளத்திலும் பேக்கன் கொழுப்பு இருக்க நல்ல வாய்ப்பு உண்டு. கேட்டுவிட்டு வாங்குங்கள்.

பாத்திரம், வார்ப்பிரும்பு வாணலி. விளிம்பு நேராக நிற்கும், அடி தட்டையான, 10 அல்லது 12 அங்குல அகலம் உள்ளது. டென்னசியில் சவுத் பிட்ஸ்பர்க் என்ற சிற்றூரில் லாட்ஜ் நிறுவனம் 1896இலிருந்து இதை வார்த்துக்கொண்டிருக்கிறது. பாட்டி வாணலி பேத்திக்குப் போவது அங்கே சாதாரணம். நம் வீட்டு இரும்புத் தோசைக்கல்லைப் போல எண்ணெயில் நன்றாகப் பழகியிருக்க வேண்டும். பழகாத வாணலியில் சோளப்பால் ஒட்டிக்கொண்டு உயிரை வாங்கும். அப்படிப்பட்ட வாணலிதான் இருக்கிறது என்றால், கெட்டியான அடி கொண்ட வேறு பாத்திரமே மேல்.

உரித்தல்

மட்டையைக் கதிரின் நுனியிலிருந்து இரண்டு பாதியாகப் பிரித்துக் கீழ்நோக்கி ஒரே இழுப்பாக இழுங்கள். பட்டுநூலில் பாதி அதோடு வந்துவிடும். மீதியை ஈரத்துணியாலோ மெல்லிய பிரஷ்ஷாலோ நுனியிலிருந்து அடிநோக்கித் துடையுங்கள். ஒவ்வொரு நூலும் ஒரு மணியில் போய் முடிகிறது. அந்த நூல் வழியாக மகரந்தம் இறங்கினால்தான் அந்த மணியே உருவாகும். ஆக, எத்தனை மணியோ அத்தனை நூல். முழுவதையும் எடுக்க முடியாது, ஒன்றிரண்டு தப்பினால் யாரும் கோபிக்க மாட்டார்கள்.

வெட்டுதல்: இங்கேதான் பொறுமை

இந்தப் பகுதியைப் பாட்டி வீட்டு முன்திண்ணையில் உட்கார்ந்து கற்றேன். மடியில் அகலமான அலுமினியக் கிண்ணம், கையில் தேய்ந்து மெலிந்துபோன சின்னக் கத்தி. கதிரின் அடிப்பகுதியைக் கிண்ணத்துக்குள் ஊன்றிச் சாய்வாகப் பிடித்தார். மேலிருந்து கீழே கத்தி இறங்கியது, ஆனால் மணியின் தலையை மட்டும் சீவியது. சீவியது என்றால் உண்மையிலேயே சீவல்தான். மணியில் மூன்றில் ஒரு பங்குகூட இருக்காது. நான் அடிவரை வெட்டப் போனபோது கையைத் தட்டிவிட்டார்.

கதிரைச் சுற்றி ஒரு வட்டம் தலைகளைச் சீவியாயிற்று. அப்புறம் அதே கதிரில் இரண்டாவது வட்டம். இப்போது மணியின் நடுப்பகுதி வரும். இதற்கும் கத்தி, மணிகள் ஒட்டியிருக்கும் நடுத்தண்டான சக்கைவரை போகக் கூடாது. மூன்றாவதாகக் கத்தியைத் திருப்பிப் பிடித்து, மழுங்கிய முதுகுப் பக்கத்தால் மேலிருந்து கீழாக அழுத்திச் சுரண்ட வேண்டும். அப்போது பாருங்கள், திரண்ட பால் கத்தி முதுகில் ஏறி வழிந்து கிண்ணத்தில் விழும். மணியின் அடியில் ஒட்டியிருந்த இளம் முளையும் கூடவே வரும். பாட்டியின் மூக்குக்கண்ணாடி முழுக்க வெள்ளைப் புள்ளிகள். துடைக்கவே இல்லை, 8 கதிரும் முடிந்த பிறகுதான் கழற்றினார்.

இரண்டு முறை சீவு, ஒரு முறை சுரண்டு. இவ்வளவுதான் சூத்திரம். ஏன் இத்தனை பாடு? மணியை முழுதாக வெட்டினால், தோல் மூடிய பை போல அது அப்படியே இருக்கும். உள்ளே இருக்கும் பால் வெளியே வர வழியில்லை. இரண்டாக மூன்றாகச் சீவும்போது பை திறந்துவிடுகிறது. பெரிய மணித்துண்டு, சின்னத் துண்டு, பால் என்று மூன்றும் கலந்து கிடைப்பதால், கடிக்கவும் ஏதோ இருக்கும், குழம்பாகச் சேரவும் ஏதோ இருக்கும். கத்தி ஆழமாகப் போனால் இன்னொரு தொல்லை. சக்கையின் சொரசொரப்பான செதில்கள் கலந்து, பல்லிடுக்கில் மாட்டும். அதை அடுப்பில் சரிசெய்ய வழியே கிடையாது.

வழுக்கும் கதிரைப் பிடித்துக்கொண்டு கத்தி போடப் பயமாக இருந்தால், நடுவில் குழாய்போல் ஓட்டை உள்ள கேக் அச்சு இருக்கிறதே, அந்தக் குழாயின் மேல் கதிரின் நுனியைச் செருகி நிறுத்துங்கள். கதிர் ஆடாது, வெட்டுவதெல்லாம் அச்சுக்குள்ளேயே விழும். பலகையில் பிளேடு பதித்த சோளச் சீவல் கட்டையும் விற்கிறார்கள். நூறு கதிருக்கு மேல் என்றால் அது சரி. 8 கதிருக்குக் கத்தி போதும். எதில் செய்தாலும் சமையலறையில் சுவர்வரை தெறிக்கும். முடிந்தால் வெளியே உட்கார்ந்து செய்யுங்கள்.

சுரண்டிய சக்கைகளை உடனே எறிய வேண்டாம். முங்கும் அளவு தண்ணீரில் அரை மணி நேரம் மெல்லக் கொதிக்கவிட்டு வடிகட்டினால் இனிப்பான சாறு கிடைக்கும். கீழே தண்ணீர் என்று சொல்லும் இடத்தில் எல்லாம் இதை ஊற்றலாம். நேரமில்லை என்றால் ஒன்றும் குடிமுழுகிப் போகாது.

அடுப்பில்

பேக்கன் துண்டுகளை ஆறிய வாணலியிலேயே அடுக்கி, மிதமான தீக்கும் சிறுதீக்கும் இடையில் வையுங்கள். சூடான வாணலியில் போட்டால் வெளிப்புறம் கருகும், கொழுப்பு உள்ளேயே தங்கிவிடும். 8, 10 நிமிடத்தில் கொழுப்பு உருகி, துண்டுகள் மொறுமொறுப்பாகும். துண்டுகளை எடுத்துத் தனியே வைத்துவிடுங்கள். வாணலியில் 2 மேசைக்கரண்டி கொழுப்பு இருந்தால் போதும், மிஞ்சியதை வடித்துவிடலாம். வடித்ததைக் கொட்டிவிடாமல் அடுப்படியில் ஒரு ஜாடியில் சேர்த்து வைப்பது தெற்கத்தி வழக்கம். பேக்கன் பொரிக்காத நாளில் அந்த ஜாடியிலிருந்து ஒரு கரண்டி எடுத்துச் சோளத்தைப் போடுவார்கள்.

அதில் 1 மேசைக்கரண்டி வெண்ணெய் போட்டு, உருகி நுரைத்ததும் சோளத்தைப் பாலோடு சேர்த்து மொத்தமாகக் கொட்டுங்கள். சற்றுத் தள்ளி நில்லுங்கள், ஈரம் பட்டதும் சீறும். பாதி உப்பைப் போட்டு, மிதமான தீயில் 2, 3 நிமிடம் கிண்டுங்கள். பச்சைச் சோளத்தின் புல்வாசனை மாறி வறுத்த வாசனை எழும்பும்போது, வெட்டிய கிண்ணத்தில் அரைக் கப் தண்ணீர் ஊற்றி அலசி, ஒட்டியிருக்கும் பாலையும் சேர்த்து வாணலியில் விடுங்கள். தீயைக் குறையுங்கள்.

இனி 15 முதல் 20 நிமிடம் நீங்களும் வாணலியும்தான். போனை எடுக்காதீர்கள். தட்டையான மரக்கரண்டியால் 2 நிமிடத்துக்கு ஒருமுறை அடியை வழித்துக் கிண்ட வேண்டும். நாலைந்து நிமிடத்திலேயே சட்டென்று கெட்டிப்படும். சோளமாவு 65, 70 டிகிரி வாக்கில் நீரை உறிஞ்சி உப்பத் தொடங்கிவிடுகிறது, அதனால்தான். புதியவர்கள் பலர் இந்த இடத்தில், பதம் வந்துவிட்டது என்று இறக்கிவிடுகிறார்கள். வரவில்லை. ஒரு துளி நாக்கில் வைத்துப் பாருங்கள், பச்சை மாவு வாடை அடிக்கும். அது போகும்வரை சிறுதீயில் வேக வேண்டும். கெட்டிப்பட்டுக்கொண்டே போனால் தண்ணீரை இரண்டிரண்டு கரண்டியாகச் சேருங்கள். கெட்டியான பிறகு இது எரிமலைக் குழம்புபோல் ‘பொளக் பொளக்’ என்று கொப்பளிக்கும். கையில் பட்டால் ஒட்டிக்கொண்டு சுடும், எனவே நீளக் காம்புள்ள கரண்டி நல்லது. மாவுச் சோளம் கலந்திருந்தால் இன்னும் 10 நிமிடம் கூடுதலாகப் பிடிக்கும்.

பதம் பார்க்க இரண்டு வழி. கரண்டியால் வாணலியின் அடியில் ஒரு கோடு இழுங்கள். அடி ஒரு நொடி தெரிந்து, பிறகு மெல்ல மூடிக்கொண்டால் சரி. உடனே மூடினால் இன்னும் நேரம் வேண்டும். மூடவே இல்லை என்றால் தண்ணீர் வேண்டும். இன்னொன்று நாக்கு. மணி மெத்தென்று, ஆனால் கடிபட வேண்டும். பச்சை வாடை அறவே இருக்கக் கூடாது. ஆறினால் இன்னும் இறுகும் என்பதால், சாப்பாட்டு மேசையில் எந்தப் பதம் வேண்டுமோ அதைவிடக் கொஞ்சம் தளர்வாகவே இறக்குங்கள்.

கடைசியில் மீதி உப்பைச் சுவை பார்த்துப் போடுங்கள். மிளகைத் தாராளமாக. மீதி வெண்ணெயைப் போட்டுக் கிளறி இறக்குங்கள். எடுத்து வைத்த பேக்கனை நொறுக்கி மேலே தூவலாம். தூவாமல், சமைத்தவர் கூலியாக நின்றபடியே தின்றுவிடுவதும் உண்டு.

எனக்குப் பிடித்த ஒன்று: இறக்குவதற்கு 3, 4 நிமிடம் முன்னால் கிண்டுவதை நிறுத்திவிட வேண்டும். அடியில் பொன்னிறமாகக் காந்தல் பிடிக்கும். அதை ஒரே வழிப்பாகச் சுரண்டி மேலே கொண்டுவந்து கலந்தால், கேரமல் வாசனையோடு அங்கங்கே பழுப்புத் திட்டுகள் வரும். எல்லோர் வீட்டிலும் இதைச் செய்வதில்லை. வெண்மை மாறாமல் இருந்தால்தான் அழகு என்பவர்களும் இருக்கிறார்கள். முதல்முறை வேண்டாம். பொன்னிறத்துக்கும் கருகலுக்கும் இடையே அரை நிமிடம்தான், அந்த வாசனை பழகிய பிறகு செய்யுங்கள்.

சர்க்கரை, மாவு, மற்ற சண்டைகள்

சர்க்கரை போடலாமா என்று ஒரு தெற்கத்திக் குடும்பத்தில் கேட்டுவிட்டு ஒதுங்கி நின்றால் பொழுது நன்றாகப் போகும். நல்ல சோளத்துக்குச் சர்க்கரை எதற்கு என்பது ஒரு கட்சி. ஒரு சிட்டிகை போட்டால்தான் ருசி எழும்பும் என்பது இன்னொன்று. முதலில் சோளத்தைச் சுவைத்துப் பாருங்கள். பறித்து இரண்டு நாளாகி இனிப்பு இறங்கிப்போயிருந்தால் 1 தேக்கரண்டிவரை போடுவதில் தப்பில்லை. சூப்பர் ஸ்வீட் சோளத்தில் போட்டால் இனிப்புப் பண்டமாகிவிடும்.

சூப்பர் ஸ்வீட்தான் கிடைத்தது, என்ன செய்வது? என் முதல் தோல்வியைத் திருத்திய வழி இதுதான். வெட்டிய மணியில் ஒரு கப் எடுத்து மிக்ஸியில் மைய அரைத்து மீதியோடு சேருங்கள். 1 மேசைக்கரண்டி மைதாவையோ சோளமாவையோ கால் கப் குளிர்ந்த நீரில் கட்டியில்லாமல் கரைத்து, சோளம் கொதிக்கும்போது ஊற்றிக் கிண்டுங்கள். மாவின் பச்சை வாடை போக இன்னும் 5 நிமிடம் விடுங்கள். பழைய ரகத்தின் ருசி வராது. ஆனால் கரண்டியில் நிற்கும், யாரும் குறை சொல்லாமல் சாப்பிடுவார்கள். பால், க்ரீம் ஊற்றிச் சமாளிப்பவர்களும் உண்டு. எனக்கு அது சோளத்தின் வாசனையை அமுக்கிவிடுவதாகப் படுகிறது.

லேசாக அடிப்பிடித்துவிட்டால் சுரண்டாதீர்கள். மேலாக இருப்பதை மட்டும் வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிட்டு, அடியை மறந்துவிடுங்கள்.

கூட எதை வைத்துச் சாப்பிடுவது?

வட்டமாக அரிந்து உப்புத் தூவிய பழுத்த தக்காளி முதலில். சோளத்தின் இனிப்புக்கும் கொழுப்புக்கும் அந்தப் புளிப்பு வேண்டும். அப்புறம் பட்டர் பீன்ஸ் அல்லது தட்டைப்பயறு வகை, மாவில் புரட்டிப் பொரித்த வெண்டைக்காய், கோழி வறுவல், சோளமாவு ரொட்டி. சோளத்தோடு சோள ரொட்டியா என்று நானும் கேட்டிருக்கிறேன்; தட்டில் மிஞ்சியதை வழிக்க வேறு எது இருக்கிறது என்று பதில் வந்தது.

மீந்தால் 2 மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வையுங்கள், 3, 4 நாள் இருக்கும். மறுநாள் கத்தியால் வெட்டும் அளவுக்கு இறுகியிருக்கும். பயப்பட வேண்டாம், சிறுதீயில் கொஞ்சம் தண்ணீர் தெளித்துக் கிண்டினால் பழைய பதம் திரும்பும்.

வருஷத்துக்குச் சேர்த்து வைத்தல்

ஜூன், ஜூலையில் சோளம் குவியும்போது வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து உரித்து, வெட்டி, ஃப்ரீசரில் போட்டுவைப்பது அங்கே ஒரு நாள் வேலை. பச்சையாகவே பையில் போட்டுவிட்டால் நொதிகள் ஃப்ரீசருக்குள்ளும் மெல்ல வேலை செய்து ருசியைக் கெடுத்துவிடும். எனவே உரித்த முழுக் கதிரைக் கொதிக்கும் நீரில் 4 நிமிடம் போட்டு எடுத்து, உடனே ஐஸ் தண்ணீரில் ஆறவிட்டு, ஈரம் வடிந்த பிறகு மேலே சொன்னபடி சீவிச் சுரண்ட வேண்டும். பையில் அரை அங்குலம் இடம் விட்டுக் காற்றை வெளியேற்றி, தட்டையாகப் பரப்பி உறையவிட்டால் அடுக்கவும் எளிது, உருகவும் எளிது. சமைக்கும்போது உறைந்ததையே வாணலியில் போடலாம். ஏற்கெனவே பாதி வெந்திருப்பதால் அடுப்பில் 10, 12 நிமிடம் போதும்.

பையின் மேல் தேதியோடு ரகத்தையும் எழுதிவையுங்கள். நான் முதல் வருஷம் வாங்கி மிஞ்சிய மஞ்சள் கதிர்களையும் பாட்டி வீணாக்காமல் அவருடைய சில்வர் குவீனோடு சேர்த்தே வெட்டி, தனிப் பையில் போட்டுக் கொடுத்தார். டிசம்பரில் அதை எடுத்து ஃப்ரைட் கார்ன் செய்யலாம் என்று வெளியே வைத்தபோதுதான் பார்த்தேன், தேதிக்குக் கீழே அவர் கையெழுத்தில் இருந்தது: ‘சூப்புக்கு மட்டும்’.